கட்டுரை விட்டதும் படம் விட்டதும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் ஸ்வீடன் நாட்டுத் திரைப்பட இயக்குநர் மாலிக் பெஞ்ஜெல்லூலைப் பற்றி வெளிவந்த கட்டுரையைத் தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் இருந்தபடி இணையப் பதிப்பில் படித்தேன். நான் வாழும் நாட்டோடு இத்தனை நெருக்கமாகப் பிணைந்த ஒருவரைப் பற்றித் தமிழில் யாரேனும் எழுதுவார்கள் என்று நான் எண்ணியதில்லை. அதற்கு முதலில் நன்றி. ஆனால் "கைபேசியில் படமெடுத்து ஆஸ்கர் வென்றவர்" என்ற தலைப்பும், கட்டுரையின் பின்பாதி முழுவதும் அவருடைய மரணத்தையே சுற்றிச் சுற்றி வந்ததும், இந்தக் கடிதத்தை எழுதாமல் இருக்க முடியாதபடி செய்துவிட்டன. சற்று நீளமான கடிதம்தான், பொறுத்தருள்க.

முதலில் கைபேசி. ரோட்ரிகெஸ் என்ற அமெரிக்கப் பாடகரைப் பற்றிய, அவருக்கு ஆஸ்கர் பெற்றுத்தந்த ஆவணப்படமான 'சர்ச்சிங் ஃபார் சுகர் மேன்' கைபேசியில் எடுத்த படம் அன்று. அதன் பெரும்பகுதியை முறையான கேமராவில் ஒளிப்பதிவு செய்தவர் கமிலா ஸ்காகெர்ஸ்ட்ரம் என்ற பெண்மணி. கடந்த காலத்தை நினைவூட்டும் சில காட்சிகளைப் பெஞ்ஜெல்லூல் சூப்பர் 8 ஃபிலிமில் எடுத்தார். எழுபதுகளில் இங்கே வசதியுள்ள குடும்பங்கள் கல்யாணத்தைப் படம்பிடித்து, வீட்டுச் சுவரில் வெள்ளைத் துணி கட்டிச் சத்தமில்லாமல் ஓட்டிக் காட்டுவார்களே, அதே வகை ஃபிலிம். ஒரு சுருள் மூன்று நிமிடம் ஓடினாலே பெரிது. வாங்க ஒரு செலவு, கழுவ ஒரு செலவு, கணினிக்கு மாற்ற இன்னொரு செலவு. கையிலிருந்த பணம் தீர்ந்து, இன்னும் சில காட்சிகள் மட்டுமே எஞ்சியிருந்த நேரத்தில், பழைய எட்டு மில்லிமீட்டர் ஃபிலிமைப் போலவே தோற்றம் தரும் ஒரு செயலியை ஒன்றிரண்டு டாலருக்கு ஐபோனில் இறக்கி, குறையை அதனால் நிரப்பினார். நடந்தது இவ்வளவுதான். இந்தச் சிறு உபாயம் உலகெங்கும் தலைப்புச் செய்தியானதால், ஏதோ எவரும் ஒரு மாலைப்பொழுதில் செய்துவிடக்கூடிய காரியம் போன்ற எண்ணம் பரவிவிட்டது. அந்தப் படத்துக்கு அவர் கொடுத்த விலை பணம் அன்று, ஆண்டுகள். கட்டுரை எழுதியவர் அதைக் கணக்கில் கொள்ளவில்லை.

அவர் 1977 செப்டம்பர் 14 அன்று, ஸ்வீடனின் தென்கோடிக் கடற்கரை நகரான இஸ்டாடில் பிறந்தார். தந்தை அல்ஜீரியாவிலிருந்து வந்து குடியேறிய மருத்துவர். தாய் ஸ்வீடன் நாட்டவர், மொழிபெயர்ப்பாளர், ஓவியர். பொன்னிறத் தலைமுடியும் அரபுப் பெயருமாக வளர்ந்த பிள்ளை என்று நான் எண்ணிக்கொள்வதுண்டு. மாலிக் என்ற பெயர் எங்கள் கிரே ஸ்ட்ரீட் பள்ளிவாசலைச் சுற்றியுள்ள கடைகளில் சாதாரணமாகக் காதில் விழும் பெயர்தான். 1990இல் ஸ்வீடன் தொலைக்காட்சியில் வந்த ஒரு சிறுவர் தொடரில் நடித்தார். பின்பு கால்மாரில் இதழியலும் ஊடகமும் படித்து, ஸ்வீடன் பொதுத் தொலைக்காட்சியின் 'கோப்ரா' என்ற பண்பாட்டு நிகழ்ச்சிக்குச் செய்திக் கதைகள் தயாரிக்கும் வேலையில் சேர்ந்தார். ஆறேழு நிமிடத்தில் ஓர் ஊரையும் ஒரு மனிதரையும் பார்ப்பவர் மனத்தில் நிறுத்தியாக வேண்டிய வேலை அது. அங்கே பெற்ற பயிற்சி அவருடைய ஒரே முழுநீளப் படத்தின் ஒவ்வொரு திருப்பத்திலும் தெரிகிறது.

உங்கள் கட்டுரையாளர் அவரைப் புகழ்பெற்ற ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் வாரிசு என்று ஓரிடத்தில் எழுதியிருக்கிறார். ஸ்வீடன் என்றதும் பெர்க்மன் நினைவுக்கு வருவது இயல்பே. ஆனால் ஒரே நாட்டில் பிறந்தது தவிர இவ்விருவருக்கும் பொதுவாக எதையும் நான் காணவில்லை. பெர்க்மன் மனிதரின் உள்ளத்துக்குள் இறங்கி, அங்கேயே நின்று, கடவுளோடும் மரணத்தோடும் வழக்காடியவர். பெஞ்ஜெல்லூல் வழிப்போக்கர், யார் திண்ணையிலாவது உட்கார்ந்து, "அப்புறம் என்ன ஆயிற்று?" என்று கேட்பவர். அந்தக் கேள்வியே அவருடைய கலை. அதைச் சிறிய கலை என்று நான் சொல்லமாட்டேன்.

2006இல் அவர் தொலைக்காட்சி வேலையை விட்டுவிட்டு, கேமராவும் பையுமாக, ஆப்பிரிக்காவிலும் தென்னமெரிக்காவிலும் ஆறு மாத காலம் கதை தேடித் திரிந்தார். அப்போது கேப் டவுனில் மாபு வைனில் என்ற பழைய இசைத்தட்டுக் கடையை நடத்தும் ஸ்டீபன் செகர்மனைச் சந்தித்தார். செகர்மன் என்ற குடும்பப் பெயர் பட்டாளத்துத் தோழர்களின் வாயில் 'சுகர்மேன்' ஆகி, கடைசியில் வெறும் 'சுகர்' என்று நின்றுவிட்டதாம். தம் வாழ்நாளில் கேட்ட கதைகளிலேயே சிறந்தது அன்று அவர் சொன்ன கதைதான் என்று பெஞ்ஜெல்லூல் பிற்காலத்தில் பேட்டிகளில் சொல்லி வந்தார்.

கதையை உங்கள் கட்டுரை நான்கு வரியில் முடித்துவிட்டதால், அறியாத வாசகர்களுக்காகச் சற்று விரித்துச் சொல்கிறேன். அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரில், மெக்சிகோவிலிருந்து குடியேறிய உழைப்பாளிக் குடும்பம் ஒன்றில் ஆறாவது பிள்ளையாக 1942இல் பிறந்தவர் சிக்ஸ்டோ ரோட்ரிகெஸ். நம்மவர்கள் 'கடைக்குட்டி', 'போதும்பொண்ணு' என்று வைப்பதுபோல, ஆறாமவன் என்பதாலேயே அந்தப் பெயர். அவர் 1970இல் 'கோல்ட் ஃபேக்ட்', 1971இல் 'கமிங் ஃப்ரம் ரியாலிட்டி' என்று இரண்டு இசைத்தட்டுகள் வெளியிட்டார். சொந்த நாட்டில் இரண்டும் விலைபோகவில்லை. நிறுவனம் கைவிட, அவர் பழைய கட்டடங்களை இடிப்பது, வீடுகளைப் பழுதுபார்ப்பது போன்ற கூலி வேலைகளுக்குத் திரும்பினார். இடையில் வெய்ன் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்துப் பட்டமும் பெற்றார். அதே இசைத்தட்டுகள் எப்படியோ கடல் கடந்து தென்னாப்பிரிக்காவுக்கு வந்து, ஒரு தலைமுறையே மனப்பாடமாகப் பாடும் அளவுக்குப் பரவின. பாடியவருக்கோ அது தெரியாது. இங்கே கேட்டவர்களோ அவர் மேடையிலேயே தம்மைத் தாம் சுட்டுக்கொண்டு இறந்தார் என்றும், தீ வைத்துக்கொண்டு இறந்தார் என்றும் ஆளுக்கொன்றாகச் சொல்லி நம்பினார்கள். 1990களில் செகர்மனும் கிரெய்க் பார்த்தலமியூ ஸ்ட்ரைடம் என்ற பத்திரிகையாளரும் தனித்தனியே தேடத் தொடங்கி, பின்பு கைகோத்தார்கள். பாட்டில் டியர்போர்ன் என்று வரும் ஓர் ஊர்ப்பெயரைத் துப்பாகப் பிடித்துக்கொண்டு போனதில், மனிதர் உயிரோடு டெட்ராய்ட்டில் இருப்பது தெரியவந்தது. 1998இல் அவர் இங்கே வந்து ஆயிரக்கணக்கானோர் முன்னிலையில் பாடினார்.

ஆக, பெஞ்ஜெல்லூல் கேப் டவுன் வந்தபோது இக்கதை நடந்து முடிந்து எட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. அவர் எதையும் கண்டுபிடிக்கவில்லை. முடிவு தெரிந்த கதையை முடிவு தெரியாதது போலச் சொல்வது எப்படி என்பதே அவர் முன் நின்ற சிக்கல். அதற்கு அவர் கண்ட வழியில்தான் அவருடைய திறமை முழுவதும் இருக்கிறது. படம் கேப் டவுனின் மலையோரக் கடற்சாலையில் ஓடும் காரில், செகர்மனின் நினைவுகளோடு தொடங்குகிறது. ஏறக்குறைய பாதிவரை ரோட்ரிகெஸ் ஒரு வதந்தியாகவே இருக்கிறார்: புகைமூட்டமான மதுக்கடை, பார்ப்பவர்களுக்கு முதுகைக் காட்டிப் பாடும் ஓர் உருவம், பனி பெய்யும் தெருவில் தலைகுனிந்து நடக்கும் நிழல். பிறகு ஒரு பழைய மரவீட்டின் சன்னல் திறக்கிறது. உள்ளே அந்த மனிதர். எந்த ஆரவாரமும் இல்லாத அந்த ஒரு காட்சிக்காகவே படத்தை நான்கு முறை பார்த்திருக்கிறேன். நம் தெருக்கூத்தில் கட்டியங்காரன் ராஜா வருகிறார், வருகிறார் என்று நெடுநேரம் சொல்லிக்கொண்டிருக்க, திரைக்குப் பின்னால் சலங்கை ஒலி மட்டும் கேட்குமே, அந்தக் காத்திருப்பின் சுவையை ஒரு ஸ்வீடன்காரர் அறிந்திருந்தார்.

அதற்கு அவர் கொடுத்தது ஏறத்தாழ ஐந்து ஆண்டு. இயக்கம், எழுத்து, படத்தொகுப்பு எல்லாம் அவரே. பணம் கொடுப்பதாக இருந்தவர்கள் பின்வாங்கிய காலத்தில், வருமானமே இல்லாமல் தம் வீட்டுச் சமையலறை மேசையில் உட்கார்ந்து படத்தைத் தொகுத்தார். அசைவூட்டச் சித்திரங்களுக்கு ஆள் வைக்க வழியில்லாமல், தற்காலிகமாக இருக்கட்டும் என்று தாமே வரைந்தார். பின்னணி இசையையும் அப்படியே ஒரு கணினி மென்பொருளில் தாமே அமைத்தார். தற்காலிகம் என்று செய்தவை இறுதிப் படத்திலும் நிலைத்துவிட்டன. பிற்பாடு சைமன் சின் என்ற தயாரிப்பாளர் தோள்கொடுத்தார். 2012 ஜனவரியில் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவின் தொடக்க நாளில் திரையிடப்பட்டு, அங்கே நடுவர்களின் சிறப்புப் பரிசையும் பார்வையாளர் பரிசையும் பெற்றது. 2013 பிப்ரவரியில் முதலில் பிரிட்டனின் பாஃப்டா விருது, அதன் பின் 24ஆம் தேதி ஆஸ்கர். முப்பத்தைந்து வயது, முதல் முழுநீளப் படம். விழாவுக்கு ரோட்ரிகெஸ் போகவில்லை. படமெடுத்தவர்களுக்கு உரிய பெருமையைத் தாம் பங்குபோட்டுக்கொள்ள விரும்பவில்லை என்பதே காரணம் என்று சைமன் சின் மேடையிலேயே சொன்னார்.

இவ்வளவு புகழ்ந்த பிறகு, கட்டுரை தொடாமல் விட்ட இன்னொரு பக்கத்தையும் சொல்லியாக வேண்டும். படத்தில் விடுபட்டவை சிறியவை அல்ல. 1979இலும் 1981இலும் ரோட்ரிகெஸ் ஆஸ்திரேலியாவுக்குப் போய் மேடைகளில் பாடியிருக்கிறார்; அங்கே அவருக்கு ரசிகர்கள் இருந்தார்கள். படத்தில் இதைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை. 1998க்குப் பதினேழு, பத்தொன்பது ஆண்டுகளுக்கு முன்பே வேறொரு நாட்டு மேடையில் பாடியவர் என்று தெரிந்தால், 'உலகமே மறந்த மனிதர்' என்ற மர்மம் கொஞ்சம் நெகிழ்ந்துபோகும். அதனால் இயக்குநர் விட்டுவிட்டார் என்றே நான் நினைக்கிறேன். இது தென்னாப்பிரிக்கர்கள் தேடிய கதை, அவர்களுக்கு அப்போது தெரிந்ததே படத்தில் இருக்கிறது என்று அவருக்காக வாதிடுவோர் உண்டு. கதை சொல்பவருக்கு அந்தச் சலுகை தரலாம். ஆவணப்படம் என்று பெயர் வைத்துக்கொண்டவர் ஒரு வரியிலாவது அதைச் சொல்லியிருக்க வேண்டும் என்பது என் கட்சி.

இரண்டாவது விடுபடல் எங்களைத் தொடுவது. படம் 'தென்னாப்பிரிக்கா' என்று சொல்லும் இடங்களிலெல்லாம் பெரும்பாலும் வெள்ளையர் வீடுகளையே சொல்கிறது. நிறவெறி ஆட்சியை வெறுக்கத் தொடங்கிய வெள்ளை இளைஞர்களுக்கும் ஆஃப்ரிகான்ஸ் பாடகர்களுக்கும் அந்தப் பாட்டுகள் கொடுத்த துணிவு உண்மையானதுதான். அரசு ஒலிபரப்புக் கழகத்தின் காப்பகத்தில் ஓர் இசைத்தட்டை எடுத்துக் காட்டி, ஒலிபரப்ப முடியாதபடி ஒரு பாட்டின் தடத்தின் மேல் கூர்முனையால் கீறி வைத்திருப்பதைக் காட்டுகிறார்களே, அந்தக் காட்சியைக் கண்டு நானும் அதிர்ந்தேன். ஆனால் அந்தக் காலத்தை நாங்களும் இங்கேதான் வாழ்ந்தோம். நான் 1974இல் டர்பன்-வெஸ்ட்வில் பல்கலைக்கழகத்தில், அதாவது அன்றைய அரசு இந்தியர்களுக்கென்று தனியே ஒதுக்கி வைத்த பல்கலைக்கழகத்தில், மாணவனாக இருந்தேன். சனிக்கிழமைகளில் ஊருக்குள் ஓர் இசைத்தட்டுக் கடையில் வேலை பார்த்த நண்பன் 'கோல்ட் ஃபேக்ட்' தட்டை ஒலிநாடாவில் பதிந்துகொண்டு வந்தான். சட்ஸ்வொர்த்தில் எங்கள் வீட்டு முன்னறையில் அப்பா டி.எம். சௌந்தரராஜன் முருகன் பாடல்களை ஓடவிட்டிருக்க, பின்னறையில் கதவைச் சாத்திக்கொண்டு நாங்கள் ரோட்ரிகெஸைக் கேட்டோம்.

தட்டின் உறையையும் ஒருநாள் காட்டினான். தொப்பியும் கறுப்புக் கண்ணாடியுமாகச் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்த அந்தப் பழுப்பு நிற மனிதரைப் பார்த்து, "எங்க சித்தப்பா மாதிரி இருக்காருடா" என்று ஒருவன் சொன்னது இன்றும் நினைவிருக்கிறது. வேடிக்கைக்காகச் சொன்னதுதான். ஆனால் அந்த முகம் அன்றைக்கு விமானத்தில் வந்து இறங்கியிருந்தால் எந்த வரிசையில் நிற்கச் சொல்லியிருப்பார்கள், எந்தக் கடற்கரையிலிருந்து துரத்தியிருப்பார்கள் என்ற கேள்வி எங்களில் எவருக்கும் உடனே எழுந்திருக்கும். ஆயிரக்கணக்கான வெள்ளையர் வீட்டு அலமாரிகளில் அந்த முகம் மரியாதையோடு அமர்ந்திருந்தது என்பதைவிடப் பெரிய முரண் அந்தக் கதையில் இல்லை. தந்தை வழியில் அல்ஜீரியப் பெயர் தாங்கிய இயக்குநருக்கு இது கண்ணில் பட்டிருக்காதா என்ன? பட்டும் அவர் கேட்காமல் போனது எனக்கு இன்றுவரை ஏமாற்றமே.

இனி அவருடைய மரணம். 2014 மே 13 அன்று, முப்பத்தாறாம் வயதில், ஆஸ்கர் மேடையிலிருந்து இறங்கிப் பதினைந்து மாதம்கூட ஆகாத நிலையில், அவர் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். சிறிது காலமாக மனச்சோர்வில் இருந்தார் என்று அவருடைய சகோதரர் தெரிவித்தார். அதற்குமேல் நாம் சொல்ல எதுவும் இல்லை. அது எந்த இடத்தில், எவ்விதம் நிகழ்ந்தது என்று உங்கள் கட்டுரை விவரித்திருக்க வேண்டிய தேவை என்ன? 'புகழ் என்னும் நஞ்சு' என்று உபதலைப்பு வைத்து, ஆஸ்கரே அவரைக் கொன்றது என்று தீர்ப்பும் எழுதியிருக்கிறீர்கள். இறந்தவர் எதிர்வாதம் பேச முடியாது என்பதற்காக அவர் வாழ்க்கையை நமக்கு வசதியான நீதிக்கதையாக மடித்துக்கொள்வது முறையாகாது. மனச்சோர்வு ஒரு நோய், பரிசு வாங்கியவருக்கும் வரும், வாங்காதவருக்கும் வரும். ரோட்ரிகெஸ் தம்மைக் கொன்றுகொண்டார் என்று தென்னாப்பிரிக்கர்கள் கட்டிய பொய்க்கதைகளை ஐந்து ஆண்டுகள் ஒவ்வொன்றாக அவிழ்த்துக் காட்டிய ஒருவரைப் பற்றி, நாமே அவசரமாக இன்னொரு கதை கட்டுவது எனக்கு நியாயமாகப் படவில்லை.

அவருடைய கடைசி முயற்சியை நீங்கள் குறிப்பிடாததும் வருத்தமே, குறிப்பாக டர்பன்வாசியான எனக்கு. அவர் இறந்தபோது எழுதிக்கொண்டிருந்தது லாரன்ஸ் ஆண்டனியைப் பற்றிய படம். எங்கள் குவாசுலு-நட்டால் மாகாணத்தில், ஊரிலிருந்து வடக்கே காரில் இரண்டு மணி நேரத் தொலைவில், துலா துலா என்ற காட்டுவிலங்குக் காப்பகத்தை நடத்தியவர் அவர். எவருக்கும் அடங்காமல் சுடப்படவிருந்த யானைக் கூட்டத்தைத் தம் நிலத்தில் ஏற்று, இரவும் பகலும் வேலிக்கு அருகில் நின்று பேசிப் பேசியே பழக்கியவர். 2003இல் போர் நடக்கும்போதே பாக்தாத் நகருக்குப் போய் அங்கே மிருகக்காட்சி சாலையில் செத்துக்கொண்டிருந்த விலங்குகளைக் காப்பாற்ற முனைந்தவர். 2012 மார்ச்சில் அவர் இறந்தபோது யானைகள் காட்டிலிருந்து நடந்து வந்து அவர் வீட்டருகே நின்றன என்று குடும்பத்தார் சொன்னது உலகச் செய்தியானது. கேப் டவுனுக்குப் பிறகு மீண்டும் தென்னாப்பிரிக்காவையே பெஞ்ஜெல்லூலின் மனம் தேடி வந்திருக்கிறது. மீண்டும், பிறர் கைவிட்ட ஒன்றின் அருகே பொறுமையாக நின்ற ஒருவரையே தேர்ந்திருக்கிறது. அந்தப் படம் வந்திருந்தால் எங்கள் பக்கத்துச் செம்மண்ணும் கரும்புக்காடும் அவர் கண்ணில் எப்படித் தெரிந்திருக்கும் என்று அவ்வப்போது எண்ணிப் பார்க்கிறேன்.

கட்டுரையின் தலைப்பையும், ஒளிப்பதிவாளர் பெயர் விடுபட்டதையும், அடுத்த ஞாயிறு இணைப்பில் திருத்தி வெளியிட வேண்டுகிறேன். ரோட்ரிகெஸ் இன்றும் டெட்ராய்ட்டில் வாழ்வதாக எழுதியிருப்பதும் பிழை. அவர் 2023 ஆகஸ்ட் 8 அன்று, எண்பத்தொன்றாம் வயதில் காலமானார்.

சென்ற ஆண்டு எங்கள் தமிழ்ச் சங்க மண்டபத்தில் இப்படத்தைப் போட்டுக் காட்டினோம். இங்கே தமிழ் மட்டும் பேசும் முதியவர்கள் இப்போது விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே. அவர்களுக்காக நான் அருகில் உட்கார்ந்து தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். படம் முடிந்ததும், எண்பத்தெட்டு வயதான ஓர் ஆயா, "பாடினவரைக் காட்டுனீங்க, தேடினவங்களைக் காட்டுனீங்க, படம் புடிச்ச புள்ள எங்கய்யா? ஒரு எடத்துலகூட மூஞ்சியக் காட்டலியே?" என்று கேட்டார். அவர் இறந்துவிட்டார் என்றேன். ஆயா சிறிது நேரம் பேசவில்லை. பிறகு குரலாவது வருகிறதா என்று கேட்டார். இசைத்தட்டு நிறுவன முதலாளியிடம் பாடகருக்குச் சேர வேண்டிய பணம் எங்கே போயிற்று என்று அவர் மெல்லிய குரலில் கேட்கும் இடம் ஒன்று உண்டு. அதைத் தேடி எடுத்து, அந்தப் பகுதியை மட்டும் இரண்டு முறை போட்டுக் காட்டினேன்.

இங்ஙனம்,
ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர்,
சட்ஸ்வொர்த், டர்பன்,
தென்னாப்பிரிக்கா.